வலிக்கு நாலு மார்க்

நோலா ப்ரூவெட் தன் வண்டியை நிழலில் நிறுத்தமாட்டாள். எங்கள் தபால் நிலையத்துக்கு எதிரே ஒரு பெரிய மரம் இருக்கிறது. இங்கே ஜனவரிதான் கோடை, அந்த வெயிலில் அதன் அடியில் இடம் பிடிக்க ஊரே போட்டி போடும். நோலா மட்டும் அதைத் தாண்டிப் போய், சாலை வடிகாலை நோக்கிச் சரிகிற இடத்தில், ஓட்டுகிறவர் பக்கம் தாழ்ந்திருக்கும்படி நிறுத்துவாள். கொண்டியை விட்டால் கதவு தானாகத் திறந்துகொள்ளும். பிறகு கூரை விளிம்பைப் பிடித்துக்கொண்டு இரண்டு கால்களையும் சேர்த்து வெளியே வைத்து, கொஞ்ச நேரம் அப்படியே உட்கார்ந்திருப்பாள். பார்ப்பவர்களுக்குத் தொப்பியைச் சரிசெய்வது போலத் தெரியும். கவுன்டருக்குப் பின்னாலிருந்து ஒன்பது வருடமாக நான் அதைப் பார்த்துவந்தேன். தொப்பி ஒருநாளும் கோணலாக இருந்ததில்லை.

உள்ளே வந்ததும் நான் கேட்பேன். "எப்படி இருக்க, நோலா?"

"குறை சொல்ல ஒண்ணுமில்ல."

எங்கள் ஊர் மல்காரியில் எல்லோரும் சொல்கிற பதில்தான். நாலு வருடமாக மழையைப் பார்க்காதவனும் அதைத்தான் சொல்வான், பெண்டாட்டி விட்டுப்போனவனும் அதைத்தான் சொல்வான். வேறு மாதிரி பதில் சொன்னால் கேட்டவர்தான் சங்கடப்பட வேண்டும்.

நோலாவுக்கு அப்போது அறுபத்து மூன்று வயது. செவ்வாயும் வெள்ளியும் அவள் தபால் சுற்று போவாள். பதினான்கு பண்ணைகள், முந்நூற்றுப் பத்து கிலோமீட்டர் செம்மண் பாதை, மந்தை தாண்டாமல் இருக்கத் திறந்து மூட வேண்டிய இருபத்து மூன்று கேட்டுகள். இருபத்து நாலு வருடமாக அவளுடைய வேலை அது. கடிதங்கள், மருந்து, டிராக்டர் பெல்ட், பிள்ளைகளுக்குப் பள்ளிப் பாடம், ஒருமுறை பெட்டி நிறையக் கோழிக்குஞ்சு என்று எல்லாம் அவள் வண்டியில்தான் போகும். பதினோரு வருடத்துக்கு முன்னால் ஒரு காற்று நாளில் இரும்பு கேட் ஒன்று திரும்பி அடித்து அவளைக் கீழே தள்ளியது. முதுகெலும்பில் முறிவு. இரண்டு தடவை அறுவை சிகிச்சை நடந்தது. ஏழாவது மாதம் திரும்பவும் சுற்றுக்குப் போய்விட்டாள். எல்லோரும் நோலா தேறிவிட்டாள் என்று நினைத்தார்கள்.

நான் அப்படி நினைக்கவில்லை. தபால் நிலையத்தில் வேலை செய்கிறவளுக்கு ஊரின் பார்சல்கள் தெரியும். யாருக்கு என்ன வருகிறது, எத்தனை நாளைக்கு ஒருமுறை வருகிறது என்று தெரியும். நோலாவுக்குச் சூட்டு ஒத்தடப் பட்டைகள் அட்டைப்பெட்டி கணக்கில் வந்தன. ஒரு வருடம் சாய்வு நாற்காலி ஒன்று வந்தது, தட்டையாகப் படுக்க முடியாதவர்கள் வாங்குகிற வகை. பார்க்கலாம், பேசக்கூடாது என்பது வேலையில் சேர்ந்த அன்றே எனக்குச் சொன்ன விதி. பதினைந்து வயதில் பள்ளியை விட்டவள் நான். பேசாமல் இருப்பது ஒன்றுதான் எனக்கு நன்றாக வரும். அதனால் அந்த விதி எனக்குச் சுமையாகவே இருந்ததில்லை.

இரண்டு வாரத்துக்கு ஒருமுறை விமானத்தில் வந்து பார்க்கிற டாக்டர்தான் முதலில் கஞ்சா எண்ணெய்ப் பேச்சை எடுத்தார். நோலா எல்லா மாத்திரையும் பார்த்துவிட்டாள். ஒன்று தலையைப் பஞ்சாக்கியது, வயிற்றையும் கட்டியது. இன்னொன்று காலை வீங்கவைத்தது. கஞ்சா எண்ணெய் சிலருக்கு உதவுகிறது, நான் அதை எழுதுவதில்லை, ஆனால் அதற்கென்றே இணையத்தில் கிளினிக்குகள் இருக்கின்றன, உங்கள் மருத்துவக் குறிப்பை நான் அவர்களுக்கு அனுப்பிவைக்கிறேன் என்று அவர் சொன்னாராம். நோலா வீட்டில் சிக்னல் கிடையாது. எங்கள் பின்னறையில் கம்ப்யூட்டர் இருக்கிறது.

"கே, எனக்கு ஒரு ஃபாரம் போட்டுத் தரணும்," என்றாள். என் பெயர் கேலீன். அவள் மட்டும்தான் கே என்பாள். "யார்கிட்டயும் சொல்லாத. அறுபத்து மூணு வயசுல கஞ்சாக்காரின்னு பேர் வேண்டாம்."

"நான் என்னைக்கு யார்கிட்ட சொல்லியிருக்கேன்?"

"அதான் உன்கிட்ட வந்தேன், கண்ணு."

ஃபாரம் நீளமாக இருந்தது. இதயக் கோளாறு உண்டா, குடும்பத்தில் யாருக்காவது மனநோய் உண்டா என்றெல்லாம் கேட்டார்கள்.

"என் அண்ணன் இருக்கான்," என்றாள் நோலா. "நல்லா இருந்த ஆட்டுப் பண்ணைய வித்துட்டு மெல்பர்ன் போய் காபிக் கடை வச்சான். அதச் சேத்துக்குவாங்களா?"

"இல்லன்னு போடறேன்."

பிறகு அந்தக் கேள்வி வந்தது. உங்கள் வலிக்குப் பூஜ்யத்திலிருந்து பத்துக்குள் எவ்வளவு மதிப்பெண் தருவீர்கள்?

"மூணு."

நான் திரும்பி அவளைப் பார்த்தேன். பின்னறையில் நல்ல நாற்காலி ஒன்று காலியாக இருந்தது. அவள் அலமாரியின் மூலையில் இடுப்பைச் சாய்த்து நின்றுகொண்டிருந்தாள். மேலுதட்டில் வேர்வை இருந்தது. ஏசி ஓடிக்கொண்டிருந்தது.

"மூணா, நோலா?"

"சரி, நாலு போடு. பத்துங்கறது செத்துட்டு இருக்கறவங்களுக்கு. அவங்க எடத்த நான் பிடிக்கக் கூடாது."

நாலு என்று அடித்தேன். அது பொய் என்று எனக்குத் தெரியும். தெரிந்தே அடித்தேன்.

கிளினிக்கிலிருந்து முதலில் நர்ஸ் ஒருத்தி போனில் பேசினாள். அடுத்த வியாழன் வீடியோவில் டாக்டர் வந்தார். டாக்டர் பப்பாஸ் என்ற பெண்மணி, ஐம்பது வயது இருக்கலாம், கண்ணாடியைத் தலைமேல் ஏற்றிவைத்திருந்தார். அமைதியாக, அவசரப்படாமல் கேட்டார். நான் கதவுக்கு வெளியே பார்சல்களைப் பிரித்துக்கொண்டிருந்தேன். எல்லாம் காதில் விழுந்தது.

"வலி எப்படி இருக்கு, நோலா?"

"குறை சொல்ல ஒண்ணுமில்ல டாக்டர்."

"தூக்கம்?"

"தூங்கறேன்."

"இப்ப எடுத்துக்கற மருந்து வேலை செய்யுதா?"

"பரவால்ல."

"உங்க வேலையச் செய்ய முடியுதா?"

"ஒரு சுத்துகூட விட்டதில்ல."

டாக்டர் கொஞ்ச நேரம் எதையோ படித்தார். பிறகு வருத்தத்தோடுதான் சொன்னார். மற்ற மருந்துகள் பயன்படவில்லை, வலி வாழ்க்கையைத் தடுக்கிறது என்று காரணம் காட்டினால்தான் இந்த மருந்தை எழுத முடியும். "நீங்க சொல்றத வச்சுப் பார்த்தா எனக்குக் காரணம் கிடைக்கல. வலி கூடினா திரும்ப வாங்க."

"ரொம்ப நன்றி டாக்டர். உங்க நேரத்த வீணாக்கிட்டேன்," என்றாள் நோலா. வெளியே வந்து தொப்பியைப் போட்டுக்கொண்டாள். "நல்ல பொம்பள. நியாயமாத்தான் சொன்னா."

நான் ஒரு பார்சலின் விலாசத்தை மூன்றாவது தடவையாகப் படித்துக்கொண்டிருந்தேன்.

பன்னிரண்டு நாள் கழித்து, ஒரு செவ்வாய்க்கிழமை, மதியம் மூன்று மணிக்குத் தபால் நிலையத்து போன் அடித்தது. டெல்டாரா பண்ணையின் ஐலீன். நோலா எப்போதும் ஒன்றரைக்கு அங்கே போய்விடுவாள். "இன்னும் வரலயே கேலீன், டயர் கியர் போச்சா?" என்று கேட்டாள். அவள் புருஷன் தேடிப்போனார். நாலு மணிக்குத் திரும்ப போன் வந்தது. பதினேழாவது கேட்டருகில் வண்டி நின்றிருந்தது. கேட் மூடியிருந்தது. நோலா கேட் கம்பத்தில் சாய்ந்து மண்ணில் உட்கார்ந்திருந்தாள். கேட்டை மூடுவதற்காக இறங்கியவளால் திரும்ப ஏற முடியவில்லை. நாற்பத்தொரு டிகிரி வெயிலில் இரண்டரை மணி நேரம். அவர் கிட்டே போனதும் அவள் கேட்டாளாம், "என்ன இந்தப் பக்கம்? நான் சும்மா கால் நீட்டிட்டு இருக்கேன்."

ஐலீன் சிரித்துக்கொண்டே சொன்னாள். "நம்ம நோலாதானே, இரும்பு."

எனக்குச் சிரிப்பு வரவில்லை. அந்தப் பாதையில் தேடிப்போக ஆள் இல்லாத நாட்களும் உண்டு.

வெள்ளிக்கிழமை அவள் வழக்கம்போல வந்தாள், அதே சரிவில் நிறுத்தினாள். நான் எப்படி இருக்க என்று கேட்கவில்லை.

"திரும்ப அந்த டாக்டர்கிட்ட நேரம் வாங்கியிருக்கேன். அடுத்த வியாழன், பத்து மணி."

"எதுக்கு? அவதான் முடியாதுன்னுட்டாளே."

"இந்தத் தடவ நானும் உள்ள உக்காருவேன்."

நோலா என்னை வினோதமாகப் பார்த்தாள். "உக்காந்து என்ன பண்ணப் போற? பேசவா போற?"

"தெரியல."

"நீ பேசினா அதப் பாக்கறதுக்காவது வரணும்," என்று சொல்லிவிட்டுத் தபால் மூட்டையைத் தரையில் இழுத்துக்கொண்டு போனாள். முன்னாலெல்லாம் தோளில் போட்டுக்கொண்டு போவாள்.

வியாழன் வந்தது. டாக்டர் திரையில் தெரிந்தார். நோலா நின்றாள், நான் உட்கார்ந்தேன்.

"நோலா, எப்படி இருக்கீங்க?"

"குறை சொல்ல..."

"டாக்டர்," என்றேன். என் குரல் எனக்கே புதிதாக இருந்தது. "நான் கேலீன். இங்க தபால் ஆபீஸ்ல இருக்கேன். ஃபாரத்துல நாலுன்னு அடிச்சது நான்தான். அது தப்பு."

டாக்டர் கண்ணாடியை இறக்கிப் போட்டுக்கொண்டார். "சொல்லுங்க."

"அவ சுத்துல இருபத்து மூணு கேட்டு இருக்கு. ஒரு கேட்டுக்கு ரெண்டு தடவ இறங்கி ரெண்டு தடவ ஏறணும். தனியாப் போறவ திறக்க இறங்கணும், வண்டியக் கொண்டுபோக ஏறணும், மூட இறங்கணும், திரும்ப ஏறணும். நாப்பத்தாறு தடவ. போன வாரம் பதினேழாவது கேட்டுல ஏற முடியாம ரெண்டரை மணி நேரம் வெயில்ல கிடந்தா. நின்னுட்டேதான் பேசுவா, இப்பவும் நிக்கறா பாருங்க. ஒன்பது வருஷத்துல இந்த ரூம்ல அவ உக்காந்து நான் பாத்ததில்ல. ஸ்டாம்ப் கீழ விழுந்தா காலால என் பக்கம் தள்ளிவிடுவா. நாலு வருஷமா படுக்கையில படுக்கல, நாற்காலியிலதான் தூங்கறா. அந்த நாற்காலிய வண்டியில ஏத்திவிட்டது நான்."

இடையில் நிறுத்தினால் திரும்ப ஆரம்பிக்க முடியாது என்று தெரிந்தது, அதனால் ஒரே மூச்சில் சொன்னேன். சொல்லி முடித்ததும் நோலாவைப் பார்க்கத் தைரியம் வரவில்லை. ஊர்க்காரி ஒருத்தியின் பார்சலைப் பற்றி நான் வாய் திறந்தது அதுதான் முதல் தடவை.

"நோலா," என்றார் டாக்டர், "இவங்க சொல்றது உண்மையா?"

நோலா அலமாரி மூலையை ஒரு கையால் பிடித்துக்கொண்டாள்.

"நான் குறை சொல்லல," என்றாள் நோலா மெதுவாக. "ஆனா உண்மைதான்."

"நாலுன்னு போட்டீங்களே. எத்தனைன்னு போட்டிருக்கணும்?"

"நல்ல நாள்ல ஏழு. கேட்டுப் பக்கத்துல கிடந்த அன்னைக்குப் பத்து. ஆனா சாகலயே."

டாக்டர் சிரிக்கவில்லை, எழுதினார். பழைய மருந்துகளின் பெயர்களை ஒவ்வொன்றாகக் கேட்டார். ஒவ்வொன்றும் என்ன செய்தது என்று நோலா இந்தத் தடவை சொன்னாள், தலைச்சுற்றல், மலச்சிக்கல், வீங்கிய கால் எல்லாவற்றையும். கம்பளிக் காலுறைகூடக் காலில் ஏறவில்லை என்று அவள் சொன்னபோது அது எனக்கே புதிய செய்தி.

எண்ணெய் எழுதுகிறேன் என்றார் டாக்டர். சாயங்காலம் நாக்குக்கடியில் ரொம்பக் கொஞ்சத்தில் ஆரம்பித்து, வாரம் வாரம் கொஞ்சம் கூட்ட வேண்டும். வலி மறைந்துவிடாது, குறையலாம், சிலருக்குக் குறையாமலும் போகலாம். மருந்துக்கான அனுமதி வேலைகளை அவரே பார்த்துக்கொள்வார், மருந்துக்கடையிலிருந்து தபாலில் வரும். பிறகு பேனாவைக் கீழே வைத்துவிட்டுச் சொன்னார்.

"இது முக்கியம். இத எடுத்துக்கிட்டு இருக்கற வரைக்கும் நீங்க வண்டி ஓட்டக் கூடாது. உங்களுக்குத் தெளிவா இருக்கற மாதிரி தோணினாலும் எச்சில்ல நாள்கணக்குல இருக்கும். உங்க மாநிலத்துல மருந்துச் சீட்டு காட்டினாலும் அது குத்தம்தான்."

நோலா அலமாரியிலிருந்து நகர்ந்து நிமிர்ந்து நின்றாள். "அப்ப வேண்டாம் டாக்டர். என் வேலையே ஓட்டறதுதான்."

"யோசிச்சுச் சொல்லுங்க."

"யோசிக்க என்ன இருக்கு? சுத்து இல்லாம நாற்காலியில நல்லாத் தூங்கி என்ன பண்றது?"

அவளுக்கு அந்தச் சுற்று என்னவென்று எனக்குத் தெரியும். வீட்டில் யாரும் இல்லை. வாரத்தில் இரண்டு நாள் பதினான்கு வீட்டு வாசலில் யாராவது அவளுக்காக டீயோடு நிற்பார்கள்.

"நான் ஓட்டறேன்," என்றேன்.

இரண்டு பேரும் என்னைப் பார்த்தார்கள், ஒருத்தர் திரையிலிருந்து, ஒருத்தி பக்கத்திலிருந்து.

"நீயா? பதினாலு வீட்டுலயும் பேசணும். ஐலீன் ஒருத்தியே முக்கா மணி நேரம் பேசுவா."

"பேச்சு உன் வேலை. நான் ஓட்டறேன். கவுன்டர ட்ரெவ் பாத்துப்பார்." ட்ரெவ் என் கணவர். அவருக்குப் பேச ஆள் கிடைத்தால் போதும்.

"நீ ரெண்டாவது கியருக்கு மேல போட்டு நான் பாத்ததே இல்ல, கே."

"போகப் போக மூணாவது வரும்."

டாக்டர் அப்போதுதான் சிரித்தார். "அப்ப நான் எழுதட்டுமா?"

நோலா ஜன்னல் வழியே தன் வண்டியைப் பார்த்தாள். கதவு சரிவில் தானாகத் திறந்து தொங்கிக்கொண்டிருந்தது. "எழுதுங்க," என்றாள்.

கூடுதல் ஓட்டுநராக என் பெயரைச் சேர்க்கத் தபால் துறைக்குப் படிவம் அனுப்பினோம். அனுமதி வர மூன்று வாரம் ஆனது. அதுவரை நோலா பாட்டிலைத் தொடக்கூட மாட்டேன் என்று சொல்லிவிட்டாள். மருந்து வந்ததோ எட்டாவது நாள். வெளியே எதுவும் எழுதாத பழுப்பு அட்டைப்பெட்டி. நான் ஸ்கேன் செய்தேன், அவள் கையெழுத்துப் போட்டாள். அந்த நேரம் பார்த்து எங்கள் போலீஸ்காரன் வேட் லனி, எங்கள் கவுன்டரில் விற்கிற இறைச்சிப் பலகாரம் வாங்க உள்ளே வந்தான். முப்பது வயசுப் பையன், நல்லவன், எதிலும் மூக்கை நுழைப்பான்.

"என்ன நோலா, பார்சல் பலமா இருக்கு?"

"எண்ணெய்."

"சமையலுக்கா?"

"உன் குச்சி பிடிக்கற எண்ணெய்."

வேட் வாங்கிய பலகாரத்தைக் கடிப்பதை நிறுத்தினான். சாலையோரச் சோதனையில் நாக்கில் தடவுகிற குச்சியை அவள் சொல்கிறாள் என்று புரிய அவனுக்குக் கொஞ்சம் நேரம் ஆனது. நான் கவுன்டரைத் துடைத்தேன். யார்கிட்டயும் சொல்லாதே என்றவள் அவள்தான்.

"சீட்டு இருக்கா?"

"இருக்கு. டாக்டர் எழுதினது."

"சீட்டு இருந்தா வச்சுக்கறது தப்பில்ல. ஆனா ஓட்டினா நான் பிடிச்சுத்தான் ஆகணும், நோலா. குச்சிக்கு சீட்டப் படிக்கத் தெரியாது."

"அதான் டிரைவர் வச்சிருக்கேன்."

"யாரு?"

நோலா தாடையால் என்னைக் காட்டினாள். வேட் என்னை மேலும் கீழும் பார்த்தான். "அப்ப நான் பயப்பட வேண்டியது கங்காருக்களுக்காகத்தான்."

சாயங்காலத்துக்குள் ஊருக்கே தெரிந்துவிட்டது. இரண்டு நாள் கிண்டல் நடந்தது. பப்பில் யாரோ அவளுக்கு ஒரு முழுப் பழக் கேக்கைக் கொடுத்து, "கஞ்சா எடுத்தா பசி எடுக்குமாமே" என்றார்களாம். நோலா அதை வாங்கி வைத்துக்கொண்டாள். மூன்றாம் நாள், ஆட்டு ரோமம் வெட்டிவந்த, முழங்கால் போன ஒரு முதியவர் கவுன்டருக்கு வந்து, யாரும் இல்லையா என்று பார்த்துவிட்டு, "அந்த ஃபாரம் உன்கிட்டதான் இருக்காமே?" என்று கேட்டார்.

"இருக்கு. வலிக்கு எத்தன போடணும்?" என்றேன்.

"மூணு."

"உக்காருங்க," என்றேன். "உண்மையச் சொல்லுங்க, அப்புறம் அடிக்கறேன்."

முதல் சுற்று எனக்கு மோசமாகத்தான் போனது. மணலில் ஒருமுறை மாட்டிக்கொண்டேன். பண்ணை வாசல்களில் நான் வண்டியிலேயே உட்கார்ந்திருந்தேன், நோலா இறங்கிப் பேசினாள். எங்கள் பக்கத்தில் ஓட்டாதவர்தான் கேட் திறக்க வேண்டும், ராணியே வந்தாலும் அதுதான் வழக்கம். நான் இறங்குகிறேன் என்று சொன்னதற்கு அவள், "டிரைவர் டிரைவர் வேலையப் பாரு," என்றாள். அவள் திறப்பாள், நான் வண்டியைக் கடத்துவேன், அவள் மூடிவிட்டு ஏறுவாள். ஏறுவதற்கு ட்ரெவ் வண்டியில் ஒரு படியை வெல்டிங் செய்து கொடுத்தார்.

எண்ணெய் முதல் இரண்டு வாரம் வாய் வறட்சியைத் தவிர ஒன்றும் செய்யவில்லை. நாலாவது வாரம் அளவைக் கூட்டிய பிறகு ஒரு செவ்வாய் காலையில் வந்து, "படுக்கையில படுத்தேன்," என்றாள். "எவ்வளவு நேரம்?" என்றேன். "நாலு மணி நேரம். தலையணை நாத்தம் அடிச்சுது, தொவைக்கணும்."

போன மாதம் டாக்டர் பப்பாஸ் மறுபடி பார்த்தார். எப்படி இருக்கீங்க என்றதும் நோலா வாய் திறந்தாள், என்னைப் பார்த்தாள், வாயை மூடினாள். பிறகு சொன்னாள்: "நல்ல நாள்ல நாலு டாக்டர். இந்தத் தடவ நெஜமான நாலு. கெட்ட நாள்ல ஆறு."

இப்போது நோலாவுக்கு அறுபத்து நாலு. வண்டி மரத்தடி நிழலில் நிற்கிறது. செவ்வாயும் வெள்ளியும் நான் ஓட்டுகிறேன், மூன்றாவது கியர் வந்துவிட்டது, நாலாவதும் சில இடங்களில் வரும். அவள் இருபத்து மூன்று தடவை இறங்குகிறாள், இருபத்து மூன்று தடவை ஏறுகிறாள். பதினேழாவது கேட்டில் கீல் தளர்ந்து, தள்ளக் கஷ்டமாக இருக்கிறது என்று நோலாவே குறை சொன்னாள். டெல்டாராக்காரர் அடுத்த வாரம் சரிசெய்து தருவதாகச் சொல்லியிருக்கிறார்.